நிரந்தரமா, சம்பளமா, பதவி உயர்வா: பல்கலைக்கழக ஊழியர் எந்த வழக்கை முதலில் போடுவது?

"பதினைஞ்சு வருஷம் ஆச்சு சார், கேஸ் போட்டா பர்மனென்ட் பண்ணிடுவாங்களா?" தண்டையார்பேட்டையிலும் வியாசர்பாடியிலும் குடியிருந்துகொண்டு, தினக்கூலியாகவோ தொகுப்பூதியத்திலோ பல்கலைக்கழக வேலைக்குப் போய்வருகிறவர்கள் முதலில் கேட்பது இதைத்தான். எத்தனை வருடம் என்பதை நீதிமன்றமும் கேட்கும், ஆனால் கடைசியில்தான் கேட்கும். உங்களை வேலைக்கு எடுத்தது யார், எந்தப் பணியிடத்தில் எடுத்தார்கள், எந்த வழியில் எடுத்தார்கள் என்ற மூன்றும் அதற்கு முன்னால் வரும். இந்த மூன்றுக்கும் பதில் தெரிந்தால்தான் உயர் நீதிமன்றத்தில் நேரடியாக ரிட் மனு போடுவதா, தொழிலாளர் துறைக்குப் போவதா, நிரந்தரத்தைத் தள்ளிவைத்துவிட்டுச் சம்பளத்தை மட்டும் கேட்பதா என்று முடிவு செய்ய முடியும். பதவி உயர்வு முற்றிலும் வேறு கதை. அதைக் கடைசியில் பார்ப்போம்.

முதலாளி யார் என்பது லேசான கேள்வி இல்லை. நம் வடசென்னைப் பக்கத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். மாதவரம் பால்பண்ணையில் இருக்கும் கால்நடை மருத்துவ அறிவியல் பல்கலைக்கழகத்துக்கென்று தனிச் சட்டம் உண்டு. வியாசர்பாடி அம்பேத்கர் கலைக் கல்லூரியும் பிராட்வே பாரதி மகளிர் கல்லூரியும் நேரடி அரசுக் கல்லூரிகள். பழைய வண்ணாரப்பேட்டை தியாகராயா கல்லூரி அரசு உதவி பெறுவது. அந்த வகைக் கல்லூரிகளுக்கு 1976ஆம் ஆண்டின் தனியார் கல்லூரிகள் ஒழுங்குமுறைச் சட்டம் இருக்கிறது. தெருவில் கேட்டால் எல்லாமே 'காலேஜ் வேலை'தான். சட்டத்தின் கண்ணில் மூன்று வேறு முதலாளிகள், மூன்று வேறு எதிர்மனுதாரர்கள். மாநிலப் பல்கலைக்கழகத்தின் மீதும் அரசின் மீதும் ரிட் போடலாம். தனியார் நிகர்நிலைப் பல்கலைக்கழகம் என்றால் சிக்கல்தான்: தனியார் கல்வி நிறுவன ஊழியரின் சாதாரண வேலைத் தகராறுக்கு ரிட் வராது என்று உச்ச நீதிமன்றம் 2022இல் சொல்லிவிட்டது. ஏஜென்சி மூலமாகச் சம்பளம் வாங்கும் காவலாளிக்கும் துப்புரவுப் பணியாளருக்கும் கதை இன்னும் வேறு. அந்த ஒப்பந்தமே வெறும் கண்துடைப்பு என்று நிரூபிக்க வேண்டும். அதைத் தொழிலாளர் தீர்ப்பாயத்தில்தான் நிரூபிக்க வேண்டும் என்று 2001லேயே ஐந்து நீதிபதிகள் அமர்வு சொல்லியிருக்கிறது.

ரிட் எனும் நேர்வழி

பாரிமுனைக்குப் போய் ஒரு வக்கீலைப் பார்த்தால் பெரும்பாலும் கிடைக்கும் யோசனை ரிட்தான். தம்புச்செட்டித் தெருவில் கேட்டாலும் லிங்கிச்செட்டித் தெருவில் கேட்டாலும் இதுதான். காரணமும் நியாயமானதே. அரசு ஊழியர் வழக்குகளுக்கென்று இருந்த மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் மூடப்பட்டு வெகுகாலம் ஆகிறது. உயர் நீதிமன்றம்தான் நேரடியாகக் கேட்க வேண்டிய இடம். சாட்சி விசாரணை கிடையாது. காகிதத்தை வைத்தே தீர்ப்பு.

அந்தக் காகிதத்தில்தான் வினை. பதிவாளர் அலுவலகத்திலிருந்து வரும் நிராகரிப்புக் கடிதங்களில் 'உமாதேவி' என்ற பெயரைப் பார்த்துப் பார்த்து நம் ஆட்களுக்கு அலுத்திருக்கும். 2006 ஏப்ரல் 10 அன்று ஐந்து நீதிபதிகள் சொன்ன தீர்ப்பு அது. விளம்பரம், போட்டி, தேர்வு என்ற முறையில் வராதவர் எத்தனை ஆண்டு உழைத்தாலும் நிரந்தரம் கேட்க உரிமை இல்லை என்பது அதன் சாரம். ஒரு விதிவிலக்கும் கொடுத்தது: அனுமதிக்கப்பட்ட பணியிடத்தில், தகுதியோடு, நீதிமன்ற ஆணையின் தயவில்லாமல் பத்தாண்டு முடித்தவர்களை ஒரே ஒரு தடவை முறைப்படுத்தலாம், அதாவது நிரந்தரமாக்கலாம். 'நீதிமன்ற ஆணையின் தயவில்லாமல்' என்பதை இரண்டு முறை படியுங்கள். ஸ்டே வாங்கிக்கொண்டு ஓட்டிய ஆண்டுகள் இந்தப் பத்தில் சேராது.

தமிழ்நாட்டில் இதற்கு இணையாக 2006 பிப்ரவரி 28 தேதியிட்ட அரசாணை 22 வந்தது. 2006 ஜனவரி 1 அன்று பத்தாண்டு முடித்த தினக்கூலியினரை முறைப்படுத்தலாம் என்றது. 2013 ஜூன் 27இல் வந்த அரசாணை 74 அதை இறுக்கியது: அந்தத் தேதியில் பத்தாண்டு முடிக்காதவர்களுக்கும் பகுதிநேர ஊழியர்களுக்கும் அது இல்லை. 2017இல் உச்ச நீதிமன்றமும் பகுதிநேர ஊழியர் விஷயத்தில் அதையே உறுதி செய்தது. ஆக, 1996க்குப் பிறகு சேர்ந்தவர் அரசாணை 22ஐ மட்டும் நம்பி ரிட் போட்டால், முதல் விசாரணையிலேயே அரசு வக்கீல் தேதியைச் சுட்டிக்காட்டிவிடுவார்.

அப்படியென்றால் கதவு மூடிவிட்டதா? ஓரளவு திறந்திருக்கிறது, அதுவும் சமீபத்தில். 2024 டிசம்பர் 20 அன்று மத்திய நீர் ஆணையத்தில் துப்புரவு, தோட்ட வேலை பார்த்தவர்களின் வழக்கில், உமாதேவி தீர்ப்பை ஏழை ஊழியருக்கு எதிரான ஆயுதமாகப் பயன்படுத்தக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் கண்டித்து அவர்களை நிரந்தரமாக்கச் சொன்னது. 2025 ஆகஸ்டில் உத்தரப்பிரதேச உயர்கல்விப் பணி ஆணையத்தின் தினக்கூலி ஊழியர்கள் வழக்கில் இன்னொரு படி மேலே போனது. 'பணியிடம் இல்லை, பணம் இல்லை' என்ற பதிலை ஏற்காமல், தேவைப்பட்டால் கூடுதல் பணியிடம் உருவாக்கியாவது முறைப்படுத்தச் சொன்னது. நம் வழக்குக்கு மிக நெருக்கமானது இந்த இரண்டாவதுதான். உயர்கல்வி சார்ந்த அமைப்பு, அலுவலக வேலை, முப்பது ஆண்டுகளை நெருங்கிய சேவை என்று எல்லாம் ஒத்துப்போகிறது.

ஆனாலும் காற்று நம் பக்கம் அடிக்கிறது என்பதற்காகக் கண்ணை மூடிக்கொண்டு ரிட் போடச் சொல்ல மாட்டேன். இவை இரண்டு நீதிபதிகள் அமர்வின் தீர்ப்புகள். உமாதேவி ஐந்து பேருடையது. இந்தத் தீர்ப்புகளில் வென்றவர்களிடம் ஒரு பொது அம்சம் உண்டு. அவர்கள் செய்த வேலை நிரந்தரத் தன்மையுள்ளது, அதே வேலையை நிரந்தர ஊழியரும் செய்தார், இடைவெளி என்பது காகிதத்தில் மட்டும்தான் என்று காட்ட முடிந்தது.

அந்தக் காகித இடைவெளி நம் ஆட்களுக்கு நன்றாகவே தெரியும். 89 நாள் முடிந்ததும் என்.எம்.ஆர். எனும் தினக்கூலியினர் வருகைப் பதிவேட்டில் ஒரு நாள் கோடு விழும். மறுநாள் அதே ஆள், அதே ஆய்வகம், அதே சாவிக்கொத்து. பதிவேட்டில் மட்டும் புதிய வரிசை எண். பல இடங்களில் சம்பளமே சில்லறைச் செலவுக் கணக்கில், ரெவின்யூ ஸ்டாம்ப் ஒட்டிய வவுச்சரில் வரும். சுண்ணாம்பும் சோப்பும் வாங்கிய பில்லுக்குப் பக்கத்தில் ஒரு மனிதரின் மாதக்கூலியும் இருக்கும். அந்தக் கோடு விழுந்த நாளில் நீங்கள் உண்மையில் வேலை பார்த்தீர்கள் என்பதற்கு ஏதாவது ஒரு தாள் இருக்கிறதா? அன்று கையெழுத்திட்ட டெஸ்பாட்ச் நோட்டு, தேர்வுப் பணிக்கான ஆணை, ஆய்வகச் சாவிப் பதிவேட்டின் நகல், எதுவானாலும் சரி. இருந்தால் ரிட் போடுங்கள். எல்லாமே வாய்ச்சொல்தான் என்றால் ரிட் உங்களுக்கானது இல்லை. வாய்ச்சொல்லைக் கேட்டுக் குறுக்கு விசாரணை செய்யும் இடம் அது இல்லை.

ரிட்டில் இன்னொரு பொறி இருக்கிறது. 'மனுதாரரின் கோரிக்கையை 12 வாரத்துக்குள் பரிசீலித்து ஆணையிடுக' என்று ஒரு தீர்ப்பு வாங்கிக்கொடுத்துவிட்டு, வென்றுவிட்டோம் என்று ஸ்வீட் கொடுப்பவர்கள் உண்டு. பதினொன்றாவது வாரம் நிராகரிப்புக் கடிதம் வரும். வழக்கு மறுபடி ஒன்றிலிருந்து தொடங்கும். நாள் கடந்த கோரிக்கைக்கு இப்படி ஒரு 'பரிசீலனை' ஆணை வாங்கினால் செத்த உரிமைக்கு உயிர் வராது என்று 2008இல் உச்ச நீதிமன்றம் சொன்னது, நம் மாநிலச் சுரங்கத் துறையில் வேலையிழந்து பதினெட்டு ஆண்டு கழித்து மனு கொடுத்த ஒருவரின் வழக்கில்தான். எனவே வக்கீலிடம் முதலிலேயே கேளுங்கள்: நாம் கேட்பது பரிசீலனையா, முறைப்படுத்தலா?

தொழிலாளர் துறை வழி

தொழிலாளர் துறையின் சமரசப் பேச்சில் தொடங்கித் தீர்ப்பாயம் வரை போகும் இது மெதுவான வழி. வக்கீல்களுக்கும் அவ்வளவாகப் பிடிக்காது. என் பார்வையில், நான்காம் நிலை ஊழியர்களில் பாதிப் பேருக்கு மேல் இதுதான் பொருந்தும்.

இந்த வழி 'தொழில்' நடக்கும் இடங்களுக்குத்தான் என்பதால், பல்கலைக்கழகம் ஒரு 'தொழில்'தானா என்ற சந்தேகம் எல்லோருக்கும் வரும். 1963இல் டெல்லியில் பல்கலைக்கழகக் கல்லூரி ஒன்றின் பேருந்து ஓட்டுநர் வழக்கில் 'இல்லை' என்றார்கள். 1978இல் பெங்களூர் குடிநீர் வாரிய வழக்கில் ஏழு நீதிபதிகள் அதை மாற்றிக் கல்வி நிறுவனமும் தொழில்தான் என்றார்கள். அந்த விளக்கத்தை மறுபடி பார்க்க 2017இல் ஒன்பது நீதிபதிகள் அமர்வுக்கு விஷயம் அனுப்பப்பட்டது. ஆசிரியர்களுக்கு இந்த வழி அடைபட்டது. ஆசிரியர் 'தொழிலாளி' அல்ல என்பது 1988 தீர்ப்பு. கௌரவ விரிவுரையாளர்கள் ரிட்டுக்குத்தான் போக வேண்டும். தோட்டக்காரர், ஓட்டுநர், ஆய்வக உதவியாளர், எழுத்தர் ஆகியோருக்குக் கதவு திறந்தே இருக்கிறது.

இங்கே கிடைப்பது ரிட்டில் கிடைக்காத ஒன்று. நிரந்தர ஊழியருக்குரிய சலுகைகளைத் தராமல் இருப்பதற்காகவே ஆட்களைத் தற்காலிகமாகப் பல்லாண்டு வைத்திருப்பதைத் தொழில் தகராறு சட்டத்தின் ஐந்தாம் அட்டவணை 'நியாயமற்ற தொழிலாளர் நடைமுறை' என்றது. 2025 நவம்பர் 21 அன்று நடைமுறைக்கு வந்த தொழிலுறவுச் சட்டத் தொகுப்பும் இதை வைத்திருக்கிறது. இப்படி நிரூபித்தால் நிவாரணம் தர உமாதேவி தடையில்லை என்று மகாராஷ்டிரப் போக்குவரத்துக் கழக வழக்கில் 2009இல் தீர்ப்பு வந்தது. 2025 ஜனவரியில் காசியாபாத் மாநகராட்சித் தோட்டத் தொழிலாளர் வழக்கிலும் இதே போக்குதான். இங்கே சாட்சி சொல்லலாம், பதிவேட்டைக் கொண்டுவரச் சொல்லலாம், பிரிவு அலுவலரைக் கூண்டில் ஏற்றிக் குறுக்கு விசாரணை செய்யலாம். காகிதம் குறைவாக உள்ளவருக்கு இது பெரிய பலம்.

ஒரு அக்கா கேட்டார்: "கேஸ் போட்டா நாளைக்கே நின்னுக்கச் சொல்லிட்டா என்ன சார் பண்றது? வூட்ல மூணு பேர் சாப்பிடணும்." நியாயமான பயம். சமரசப் பேச்சோ வழக்கோ நிலுவையில் இருக்கும்போது, அந்தத் தகராறு சம்பந்தப்பட்ட விஷயத்தில் ஊழியரின் வேலை நிபந்தனையை முதலாளி தன்னிச்சையாக மாற்றச் சட்டம் தடை போடுகிறது. ரிட்டில் இந்தப் பாதுகாப்பு தானாக வராது, இடைக்கால ஆணை தனியாகக் கேட்டு வாங்க வேண்டும். அப்படி வாங்கியதுதான் உமாதேவி கணக்கில் உதைக்கும் என்று மேலே பார்த்தோம்.

குறை என்னவென்றால் தனியாளாகப் போக முடியாது. வேலைநீக்கம் என்றால் தனிநபர் போகலாம். நிரந்தரம் கேட்க யூனியனோ கணிசமான சக ஊழியர்களோ முன்னால் நிற்க வேண்டும். 1918 ஏப்ரலில் பின்னி மில் தொழிலாளர்களை வைத்து நாட்டின் முதல் முறையான தொழிற்சங்கம் எழுந்த பெரம்பூர்ப் பக்கத்திலேயே, இன்று இருபது பேர் வேலை பார்க்கும் வளாகத்தில் மூன்று சங்கம் இருக்கிறது. மூன்றும் தினக்கூலிக்காரரை உறுப்பினராகச் சேர்க்கத் தயங்குகின்றன. அதைச் சரிசெய்யாமல் இந்த வழியில் இறங்க முடியாது.

480 நாள் சட்டத்தைப் பற்றியும் கேட்பார்கள். 1981ஆம் ஆண்டின் தமிழ்நாடு நிரந்தரத் தகுதிச் சட்டப்படி, 24 மாதங்களில் 480 நாள் வேலை பார்த்தால் நிரந்தரம். படிக்க இனிப்பாக இருக்கும். அது பல்கலைக்கழகத்துக்குப் பொருந்துமா என்பதே முதல் சண்டையாகிவிடும். விதியை மீறிய நியமனத்தைப் பின்கதவு வழியாக முறைப்படுத்த முடியாது என்று நம் மாநிலக் கூட்டுறவு ஊழியர் வழக்கில் 2004லேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. துணைக்கு வைத்துக்கொள்ளலாம், முதுகெலும்பாக வைக்காதீர்கள்.

சம்பளத்தை மட்டும் கேட்பது

ஐம்பது வயதைத் தாண்டியவர்களுக்கு நான் முதலில் சொல்வது இதுதான். பலருக்கு ஏமாற்றமாக இருக்கும். 2016 அக்டோபரில் பஞ்சாப் தற்காலிக ஊழியர் வழக்கில், நிரந்தர ஊழியரின் அதே வேலையைச் செய்பவருக்கு அந்தப் பதவியின் ஊதிய விகிதத்தில் குறைந்தபட்சமாவது கொடுக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. 2025 ஆகஸ்டில் குஜராத்தின் ஒப்பந்த உதவிப் பேராசிரியர்களுக்கும் அதேபோல் ஆணையிட்டது. நியமனம் முறையா, விளம்பரம் வந்ததா, இனச்சுழற்சி பார்த்தார்களா என்ற கேள்விகள் இங்கே அவ்வளவு கடிக்காது. ஒரே ஒரு கேள்வி: அவர் செய்வதும் இவர் செய்வதும் ஒரே வேலையா?

கணக்கைப் பாருங்கள். அலுவலக உதவியாளரின் தொடக்க அடிப்படை ஊதியம் தமிழ்நாட்டில் 15,700 ரூபாய். மாதம் 9,000 வாங்குபவருக்கு அடிப்படையில் மட்டுமே 6,700 வித்தியாசம். நிலுவை பெரும்பாலும் வழக்குப் போட்ட தேதிக்கு முந்தைய மூன்று ஆண்டுக்குத்தான் கிடைக்கும் என்பதால், தள்ளிப்போடும் ஒவ்வொரு மாதமும் ஒரு மாத நிலுவை கையை விட்டுப் போகிறது. நிரந்தரம் கேட்டு வழக்கு நடந்து, மேல்முறையீடு நடந்து, உச்ச நீதிமன்றம் போய் முடிவதற்குள் ஐம்பத்தைந்து வயதுக்காரர் ஓய்வு வயதைத் தாண்டிவிடுவார்.

மனுவில் ஒரு வரி மட்டும் மறக்காமல் எழுதச் சொல்லுங்கள்: முறைப்படுத்தல் கோரிக்கையை மனுதாரர் விட்டுக்கொடுக்கவில்லை, அதைத் தனியாகத் தொடரும் உரிமை அவருக்கு உண்டு என்று. இல்லாவிட்டால், 'அப்போதே ஏன் கேட்கவில்லை' என்று பின்னால் மடக்குவார்கள்.

முப்பது, நாற்பது வயதுக்காரர் இதோடு நிற்கக் கூடாது. அவருக்கு இன்னும் இருபது ஆண்டு வேலை இருக்கிறது. நிரந்தரத்தைத்தான் கேட்க வேண்டும். ஓய்வூதியத்தை எண்ணி மட்டும் நிரந்தரம் கேட்பவர் 2003 ஏப்ரல் 1 என்ற தேதியைப் பார்க்க வேண்டும். அதற்குப் பின் முறையான பணிக்கு வந்தவர்களைத் தமிழ்நாடு அரசு பங்களிப்பு ஓய்வூதியத் திட்டத்தில் வைத்தது. ஆகவே 'முறைப்படுத்துக' என்று கேட்டால் மட்டும் போதாது, எந்தத் தேதியிலிருந்து என்பதையும் மனுவிலேயே கேட்க வேண்டும். தீர்ப்பு வந்த நாளிலிருந்து முறைப்படுத்தினால் பழைய ஓய்வூதியக் கனவு அத்தோடு முடிந்தது.

பதவி உயர்வு: இதில் தாமதம் கூடாது

நிரந்தர ஊழியர்களின் சண்டை இது. இளநிலை உதவியாளர், உதவியாளர், கண்காணிப்பாளர் என்று போகும் வரிசையில் இளையவர் ஒருவர் முந்திவிட்டார் என்பதுதான் பெரும்பாலான புகார். பதவி உயர்வு உரிமை கிடையாது. பதவி உயர்வுக்குப் பரிசீலிக்கப்படும் உரிமைதான் அடிப்படை உரிமை. அதையும் காலத்தில் கேட்க வேண்டும். முறைப்படுத்தலில் பத்து வருடம் பொறுத்திருந்தது உங்களுக்குச் சாதகமாகக்கூட அமையலாம். பதவி உயர்வில் பொறுமை என்பது தோல்வி.

தமிழ்நாட்டு அரசுப் பொறியாளர் ஒருவர், 1957இல் இளையவர் முந்தியதை எதிர்த்து 1971இல் நீதிமன்றம் போனார். ஆறு மாதம், அதிகம் போனால் ஒரு வருடத்துக்குள் வந்திருக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 1974இல் திருப்பி அனுப்பியது. இன்றும் அரசு வக்கீல்கள் அந்தத் தீர்ப்பைத்தான் கையில் எடுக்கிறார்கள். வெளியிட்டு மூன்று, நான்கு ஆண்டு யாரும் எதிர்க்காத பணிமூப்புப் பட்டியலைக் கலைக்க மாட்டோம் என்பதும் தீர்ந்த சட்டம். சம்பள வழக்கில் மாதந்தோறும் புதிய பாக்கி பிறக்கிறது. பதவி உயர்வில் அப்படியில்லை, இடையில் இன்னொருவர் அந்த நாற்காலியில் உட்கார்ந்துவிடுகிறார். அவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். அறிமுகமானவர், அண்ணன் தம்பியாகப் பழகியவர் என்று அவரைச் சேர்க்காமல் விட்டால் மனு அங்கேயே விழும்.

ஆகவே பணிமூப்புப் பட்டியல் சுற்றுக்கு வந்தவுடன் ஆட்சேபணையை எழுத்தில் கொடுத்து, தபால் பிரிவில் முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள். பதில் வராவிட்டால் இரண்டாவது நினைவூட்டலோடு நிறுத்திவிட்டு ரிட்டுக்குப் போங்கள். பத்து நினைவூட்டல் அனுப்பினால் காலம் நீளாது. 2013இல் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தை அரசு ஏற்றபின் உபரி ஊழியர்கள் வேறு இடங்களுக்கு அனுப்பப்பட்டார்கள். அப்படிப் புதிய ஆட்கள் வந்து சேரும் அலுவலகத்தில் பணிமூப்பு எந்தத் தேதியிலிருந்து என்பதை அப்போதே எழுத்தில் கேட்டுவிட வேண்டும்.

பதவி உயர்வு கொடுத்துப் பல ஆண்டு கழித்து, தணிக்கை ஆட்சேபணை என்று சொல்லிச் சம்பளத்தைப் பிடித்தால் பயப்பட வேண்டாம். மூன்றாம், நான்காம் நிலை ஊழியரிடமிருந்தும், ஓய்வுபெற்றவர் அல்லது ஓராண்டுக்குள் ஓய்வுபெற இருப்பவரிடமிருந்தும் இப்படித் திரும்பப் பிடிக்கக் கூடாது என்று 2014 டிசம்பர் தீர்ப்பு இருக்கிறது. இந்த ஒன்றுக்கு ரிட் விரைவாகவே பலன் தரும்.

செலவுக்குப் பயந்து நிற்பவர்களுக்கு ஒரு தகவல். 1987ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணையச் சட்டப்படி பெண்களுக்கும், பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும், மாற்றுத்திறனாளிகளுக்கும், தொழிலாளர்களுக்கும் வருமானம் பார்க்காமலே இலவசச் சட்ட உதவி உண்டு. உயர் நீதிமன்ற வளாகத்திலேயே அதற்கான குழு இருக்கிறது. வண்ணாரப்பேட்டையில் மெட்ரோ ஏறினால் உயர் நீதிமன்றம் நிறுத்தம் பக்கம்தான்.

அங்கே போவதற்கு முன் ஒரு வேலை. பத்து ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டித் தகவல் உரிமை மனு போடுங்கள். உங்கள் பிரிவில் அனுமதிக்கப்பட்ட பணியிடங்கள் எத்தனை, காலி எத்தனை, எந்த ஆட்சிக்குழுத் தீர்மானப்படி நீங்கள் சேர்க்கப்பட்டீர்கள், உங்கள் சம்பளம் எந்தக் கணக்குத் தலைப்பில் போகிறது என்ற நான்கையும் கேளுங்கள். 30 நாளில் பதில் வர வேண்டும். வந்த பதிலின் அசலை வீட்டில் பத்திரப்படுத்திவிட்டு, வக்கீலிடம் ஜெராக்ஸ் மட்டும் கொடுங்கள்.